சும்மாச் சத்தம்

எங்கள் தெருவுக்குப் பின்னால் ஒரு கால்வாய் ஓடுகிறது. பார்த்தால் கண்ணாடிதான். அடியில் கிடக்கும் கூழாங்கல் தெரியும், யாரோ விட்டெறிந்த ஒற்றைச் செருப்பு தெரியும். மீன் மட்டும் தெரியாது. பாசிகூடப் பிடிக்காத தண்ணீர். வெளியாட்கள் பாலத்தில் நின்று, "அடேயப்பா, என்ன சுத்தம்!" என்று வியந்துவிட்டுப் போவார்கள். அந்தச் சுத்தம்தான் எங்களைப் பிடித்த சனியன்.

எங்களிடம் வருவதற்கு முன்னால் அது முலாம் ஆலைக்கு அடியில் புகுந்து வருகிறது. தண்ணீர்க்குழாய், கதவுக் கைப்பிடி, துண்டு மாட்டும் கம்பி என்று வீட்டில் பளபளக்கிற சாமான் எதுவானாலும் அங்கே முலாம் பூசுவார்கள். கால்வாய் உள்ளே நுழைகிற இடம் ஆலை மதிலுக்குள் இருக்கிறது. நாம் பார்க்க முடிவது அது வெளியே வரும் வாயை மட்டும்தான். தெருவில் பாதிப் பேருக்கு அங்கே வேலை, மீதிப் பேருக்கு அந்தப் பாதிப் பேரை நம்பிப் பிழைப்பு. நான் தையல்காரி. ஆலைக்காரர்களின் சீருடைக்குப் பித்தான் தைத்துத்தான் என் மெஷினுக்கு எண்ணெய் வாங்குகிறேன். பிறகு யார் வாயைத் திறப்பது?

பக்கத்து வீட்டு மருமகள் திறந்தாள். அவள் டிவி நிருபர். தெரு அவளுக்கு வைத்த பெயர் சாக்கடை மேடம்.

ஆரம்பத்தில் அவள் உள்ளூர்ச் சேனலில் 'காணவில்லை' அறிவிப்பு வாசித்துக்கொண்டிருந்தாள். காணாமல் போன நாய், சாவிக்கொத்து, வயதானவர்கள். பிறகு வானிலை. மழை வரும் என்று அவள் சொன்னால் நாங்கள் துணியைத் தைரியமாக மொட்டைமாடியில் காயப்போடுவோம். அதற்கப்புறம் ஒரு நாள் சாலையை அகலப்படுத்த மரங்களை வெட்டினார்கள். கேமராவோடு போனவள் வெட்டின அடிமரத்தின் மேல் ஏறி நின்று, "நேற்று வரை இந்த இடத்தில் நிழல் இருந்தது" என்று ஒரே ஒரு வரி சொல்லிவிட்டு, வியர்த்து வழிய அப்படியே நின்றாள். அடுத்த சாலையில் மரங்கள் தப்பின. அன்றைக்குப் பிடித்த பைத்தியம் அவளை விடவில்லை. குப்பைமேடு எரிந்த புகைக்குள் நின்றாள், இருமி இருமி மேட்டையே ஊரை விட்டுக் கிளப்பினாள். மற்ற நிருபர்களுக்கு மந்திரியும் மாலையும் கிடைத்தபோது இவளுக்குச் சாக்கடையும் சளியும் கிடைத்தன. பரிசாக வாங்கின கோப்பைகளில் ஒன்றில் அவள் மாமியார் கரண்டி சொருகி வைத்திருக்கிறாள்.

லீவு நாளில் அவளும் இன்னும் நாலைந்து பேரும் கால்வாயில் இறங்கிக் குப்பை அள்ளுவார்கள். வீட்டு ஜன்னலில் வரிசையாகக் கால்வாய்த் தண்ணீர் பாட்டில்கள். மாமியார் வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொல்லுவாள்: "மத்த வீட்டுல ஜன்னல்ல பூச்செடி வைப்பாங்க. எங்க வீட்டுல சாக்கடையை வளர்க்கறோம்."

சொல்லுகிறவளின் கையைப் பார்க்க வேண்டும். கால்வாய் ஊறுகிற கிணற்றுத் தண்ணீரில் துவைத்துத் துவைத்து விரல் இடுக்கெல்லாம் வெடித்திருந்தது. கால்வாய் ஓரத்தில் எல்லா வீட்டிலும் அதே கைதான். மருமகள் தண்ணீரைச் சோதனைக்கு அனுப்பினாள். உலோகம் கலந்திருக்கிறது என்று வந்தது. ஆலை மேலாளர், "மேலே ஊருக்குள்ள எத்தனையோ பட்டறை இருக்கு, அங்கேருந்து வருது. எங்க கழிவெல்லாம் உள்ளேயே சுத்தமாகுது" என்று கையை உதறிவிட்டார். ஆலையிலிருந்துதான் வருகிறது என்று காட்ட வேண்டும். அதைத்தான் அவளால் காட்ட முடியவில்லை.

செய்தி ஆசிரியர் கேட்ட கேள்வியை அவளே எங்களிடம் நடித்துக் காட்டியிருக்கிறாள். "நுரை இருக்கா? செத்த மீன் இருக்கா? கலராவது இருக்கா? இதைப் போட்டா ஜனங்க குடத்தை எடுத்துட்டுக் கிளம்பிடுவாங்கம்மா!"

அந்த வீட்டில் இன்னும் இரண்டு பேர். அவள் புருஷனுக்கு ரொட்டி அடுப்பில் வேலை. விடிவதற்கு முன்னால் போய்விட்டு மதியம் வந்து, கோதுமை மாவு வாசனையோடு படுத்துவிடுவான். யார் சண்டை போட்டாலும் "பேசித் தீர்த்துக்கலாமே" என்பான், எழுந்து உட்காராமலே. அவன் தம்பி, சின்னவன், முலாம் ஆலையில் சுமை தூக்கிக்கொண்டிருந்தான். ஆறு மாதத்துக்கு முன்னால் திடீரென்று அவனைப் பம்ப் பொறுப்பாளர் ஆக்கினார்கள். இடுப்பில் சாவி தொங்கவிட்டுக்கொண்டு தெருவில் நடப்பான். மாமியார் தெரு முழுக்க இனிப்புக் கொடுத்தாள். எனக்கு இரண்டு தடவை கொடுத்தாள், மறந்துபோய்.

*

மேலாளர் ஒரு வழியாகப் பேட்டிக்கு ஒத்துக்கொண்டார். வார லீவில் வரச் சொன்னார், மெஷின் சத்தம் இருக்காதாம். மைக்குக்குப் போடும் முடி வைத்த உறை கிழிந்து போயிருந்தது. பழைய கம்பளிக் கழுத்துப்பட்டையை வெட்டி நான்தான் தைத்துக் கொடுத்தேன். "மைக்குக்குக் குல்லா தச்ச முதல் தையல்காரி நீங்கதான்க்கா" என்றாள்.

அந்தப் பேட்டி செய்தியில் வந்தது. மேலாளர் அழகாக உட்கார்ந்திருந்தார். "ஒரு சொட்டு வெளிய போகாது. என் பிள்ளைங்க மேல சத்தியம்" என்றார். குரல் மணி மாதிரி இருந்தது. பின்னால் ஒரு இரைச்சல், ஒரு கரகரப்பு கிடையாது. பார்த்தவனெல்லாம் மயங்கிவிட்டான்.

மறுநாள் குழாயடியில் அவளைப் பிடித்துக்கொண்டோம்.

"ஏம்மா, பூசணிக்காயைச் சோத்துல மறைக்கறவனுக்கு நீ சோறு வேற வடிச்சுக் கொடுத்தியா?" என்று கோடி வீட்டுக்காரி கேட்டாள்.

"அவர் பக்கத்தையும் கேட்டாகணும்க்கா. அதான் முறை."

"முறையெல்லாம் சரி. இங்க பாரு." நானும் என் விரல்களை விரித்துக் காட்டினேன். "அவன் குரல் மட்டும் எப்படி அவ்வளவு சுத்தமா வந்துச்சு?"

"நான்தான் சுத்தம் பண்ணினேன்" என்று சொன்னாள். சொன்ன வாய் அப்படியே நின்றுவிட்டது. குடம் நிரம்பி வழிவதுகூடத் தெரியாமல் நின்றாள்.

*

இங்கே அவள் தொழிலைப் பற்றி ஒரு விஷயம் சொல்ல வேண்டும். எங்கே படம் பிடித்தாலும், எல்லாம் முடிந்த பிறகு அவள் கையைத் தூக்கி, "எல்லாரும் சும்மா இருங்க" என்பாள். யாரும் பேசக்கூடாது, நகரக்கூடாது. கொஞ்ச நேரம் மைக் மட்டும் ஓடும். ஆள் பேசாவிட்டாலும் ஒவ்வொரு அறைக்கும் ஒரு சத்தம் இருக்குமாம். வெட்டி ஒட்டும்போது இடையில் நிரப்ப அது வேண்டுமாம். அந்த வீட்டில் அதற்குப் பெயர் சும்மாச் சத்தம். "ஒண்ணுமில்லாததைப் பதிவு பண்ணிச் சம்பளம் வாங்கறவ" என்று மாமியார் சிரிப்பாள்.

அதற்கு இன்னொரு உபயோகமும் உண்டு. பேச்சுக்குப் பின்னால் இரைச்சல் இருந்தால், சும்மாச் சத்தத்தைக் கம்ப்யூட்டருக்குக் காட்டி, 'இது மாதிரி இருக்கிறதையெல்லாம் எடுத்துவிடு' என்று சொல்லலாம். எடுத்துவிடும். அதில் அவள் கெட்டிக்காரி. இரைச்சலோடு செய்தி போனால் அவளுக்குத் தூக்கம் வராது.

அன்று மதியம் தைத்த துணியைக் கொடுக்கப் போனேன். சாப்பாட்டு மேஜையில் நறுக்கின காய் பாதியில் கிடந்தது. அவள் ஹெட்போனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். என்னைப் பார்த்ததும் ஒரு கையால் உட்காரச் சொல்லிவிட்டு, இன்னொரு கையால் கேமராக்காரருக்குப் போன் போட்டு மேஜை மேல் வைத்தாள்.

"அண்ணே, மேலாளர் ரூம்ல அன்னைக்கு ஏசி ஓடுச்சா?"

"நீங்கதானே மேடம் அணைக்கச் சொன்னீங்க? மனுசன் வேர்த்துக் கொட்டினாரே. ரெண்டு தடவை மூஞ்சியைத் துடைச்சேன்."

"ஃபேன்?"

"அதையும்தான் நிறுத்தினீங்க. எதை விட்டு வச்சீங்க?"

"ஜெனரேட்டர்?"

"கரண்டு இருந்துச்சே. லைட்டெல்லாம் எரிஞ்சுச்சு. ஏன் மேடம்?"

"அப்ப என்னண்ணே உறுமுச்சு?"

அவள் ஹெட்போனைக் கழற்றி என் காதில் மாட்டினாள். ம்ம்ம் என்று ஒரு உறுமல், தரைக்கு அடியிலிருந்து வருகிற மாதிரி. நான் கேட்டுக்கொண்டே இருந்தேன். முடியப்போகிற நேரத்தில் 'டக்' என்று ஒரு ஓசை, உறுமல் நின்றது. அதற்குப் பிறகு உண்மையிலேயே ஒன்றுமில்லை.

"யாரோ சுவிட்சை அணைச்சிருக்காங்க" என்றேன்.

"ஆமாக்கா. ஆலை மொத்தமும் லீவு. ஆனா கீழ ஏதோ ஒரு பம்ப் ஓடியிருக்கு. அவர் 'ஒரு சொட்டு போகாது'ன்னு சொல்லும்போதே போயிட்டிருந்திருக்கு. அதைத்தான் நான் உட்கார்ந்து அழகா வழிச்சு எடுத்திருக்கேன்." அவள் கத்தியை எடுத்துக் காயை நறுக்க ஆரம்பித்தாள். துண்டுகள் பெரிசும் சின்னதுமாக விழுந்தன. "வேற யாராவது இதைச் செஞ்சிருப்பாங்களா? இரைச்சலோட விட்டிருந்தா ஒருத்தனாவது கேட்டிருப்பான், அது என்ன சத்தம்னு."

அவளுக்கு ஆறுதலாக எதையாவது சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் மாமியார் சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்து, "என்னைக்கு நடந்தது? லீவன்னைக்கா? அன்னைக்குத்தானே சின்னவன் ஓவர்டைம்னு போனான்" என்றாள்.

சொன்ன பிறகுதான் தான் என்ன சொன்னோம் என்று அவளுக்கே புரிந்தது. கிணறு வெட்டப் பூதம் கிளம்பின கதையாகிவிட்டது.

*

சின்னவன் சாயங்காலம் வந்தான். நான் எழுந்து போகப் பார்த்தேன். மாமியார் என் புடவைத் தலைப்பைப் பிடித்து உட்கார வைத்தாள். வேற்று ஆள் ஒருத்தி இருந்தால் சத்தம் அடங்கும் என்று நினைத்திருப்பாள். மேடம் ஹெட்போனைக் கொழுந்தன் தலையில் மாட்டினாள். அவன் முதலில் சிரித்தான். பிறகு சிரிப்பு போய்விட்டது. 'டக்' வருவதற்கு முன்னாலேயே அவன் கட்டைவிரல் தானாக அசைந்தது. நான் பார்த்தேன்.

"ஏசி சத்தம் அண்ணி" என்றான்.

"ஏசியை அணைச்சாச்சு."

"அப்ப ஃப்ரிட்ஜா இருக்கும்."

"மூஞ்சியைப் பார்த்துச் சொல்லுடா."

அவன் இடுப்புச் சாவியைக் கையில் பிடித்துக்கொண்டான். "கழிவுத் தொட்டி ரொம்பிடுச்சு அண்ணி. விட்டிருந்தா தரையெல்லாம் ஆசிட் ஓடியிருக்கும். லீவன்னைக்குத்தான் காலி பண்ணுவோம். மத்த நாள்ல மெஷின் ஓடும், கீழ ஆளுங்க இருப்பாங்க."

"சுத்திகரிக்கிற மெஷின்?"

"அது ஓடி ரெண்டு வருசமாச்சு."

மாமியார் தன் கைகளைப் புடவைக்குள் மறைத்துக்கொண்டாள். அதைப் பார்த்து அவன் தலையைக் குனிந்துகொண்டான்.

"தெரிஞ்சேவா செஞ்சே?" என்று கேட்டாள் மேடம்.

"தண்ணியோட போனா கரைஞ்சுடும்னாங்க. நானும் நம்பினேன். நம்பாம என்ன பண்றது? வேலை அண்ணி! நீங்க டிவியில போட்டா ஆலையை மூடுவாங்க. இந்தத் தெருவே என் சட்டையைப் பிடிக்கும். அதுக்கு முன்னாடி அவங்களே 'எங்களுக்குத் தெரியாது, பம்ப் ஆளுதான் கேட்காம தொறந்துட்டான்'னு என்னை மாட்டி விடுவாங்க. நான்தானே சுவிட்ச் போட்டவன்?"

கட்டிலில் படுத்திருந்த அண்ணன் முதல் தடவையாக எழுந்து உட்கார்ந்தான். "பேசித் தீர்த்துக்கலாமே" என்று சொல்லவில்லை. "ஏண்டா, சுமை தூக்கிட்டிருந்த உன்னை எதுக்குடா பம்புக்குப் போட்டாங்க?" என்று கேட்டான். "அங்க பம்பு படிச்சவன் எத்தனை பேர் இருக்கான்?"

"நான் நல்லா வேலை செய்யறேன்னு..."

"எப்பப் போட்டாங்க?"

சின்னவன் யோசித்தான். யோசிக்க யோசிக்க அவன் முகம் மாறியது. அவன் அண்ணி தண்ணீரைச் சோதனைக்கு அனுப்பின விஷயம் ஊருக்குத் தெரிந்த அதே வாரம்தான் அவனுக்குச் சாவி கிடைத்தது.

"நம்ம விரலை வச்சே நம்ம கண்ணைக் குத்தியிருக்கான்" என்றாள் மாமியார். "கொழுந்தன் கையில சாவி இருந்தா அண்ணி வாயில பூட்டு. அதுக்கு நான் தெருவுக்கெல்லாம் இனிப்புக் கொடுத்தேனே, கூறு கெட்டவ!"

மருமகள் ஹெட்போன் வயரைச் சுற்றி வைத்தாள். எனக்கு அவள் மேல் பாவமாக இருந்தது. எந்தப் பக்கம் நடந்தாலும் சொந்த வீட்டு ஆளை மிதித்துத்தான் நடக்க வேண்டும். பிறகு சொன்னாள்:

"நான் இதைப் போடப் போறேன். நான் செஞ்ச தப்பையும் சேர்த்துச் சொல்லுவேன். உன் பேர் வராம என்னால முடிஞ்சதைப் பார்க்கறேன். ஆனா போடாம இருக்க மாட்டேன். உங்கம்மா கையைப் பார்த்துட்டு என்னால முடியாது. நீ கோவிச்சுக்கோ. இந்த வீட்டை விட்டு என்னைப் போகச் சொன்னாலும் போயிட்டுப் போடுவேன்."

"யாரும்மா உன்னைப் போகச் சொல்றது?" என்று மாமியார் சீறினாள். "இது என் வீடு!"

சின்னவன் சாவியைக் கழற்றி மேஜை மேல் வைத்தான். நறுக்கின காய்க்கு நடுவில் அது கிடந்தது. "யோக்கியன்னு நினைச்சுக் கொடுத்தாங்கன்னு நினைச்சேன்" என்றான். அழுதால் தப்பில்லை என்று எங்களுக்குத் தோன்றியது, அவன் அழவில்லை. கைகழுவப் போய்விட்டான்.

*

அடுத்த லீவு நாளில் சாவியை ஆபீஸில் கொடுத்துவிட்டு, இனிமேல் சுவிட்சைத் தொட மாட்டேன் என்று சொல்லிவிட்டு, நேராகக் கால்வாய் வாய்க்கு வந்தான். அவளும் கேமராக்காரரும் அங்கே இருந்தார்கள். தெருவும் இருந்தது, பாலத்தில் தொங்கிக்கொண்டு. பாதிப் பேர் அவனைத் திட்டினார்கள். "நீ சம்பாதிச்சுட்டே, எங்க அடுப்புல தண்ணி ஊத்தறியா?" என்று ஒருத்தன் கத்தினான். மீதிப் பாதி என்னை மாதிரி வாயைப் பொத்திக்கொண்டு நின்றது.

கேமராக்காரர், "தம்பி, திரும்பி நின்னுக்கங்க. முதுகை மட்டும் எடுக்கறேன், குரலையும் மாத்திடலாம்" என்றார்.

"முதுகைக் காட்டறவனா இருந்தா இங்க எதுக்கு வரேன்? மூஞ்சியை எடுங்க."

"யோசிச்சுக்கோ" என்றாள் அண்ணி.

"யோசிச்சாச்சு. என் மூஞ்சி தெரியலைன்னா 'எவனோ சொல்றான்'னு விட்டுடுவாங்க. பம்ப் ஆளு நானே சொன்னா, யார் போடச் சொன்னாங்கன்னு அவங்க பதில் சொல்லணும். எல்லாரும் பார்க்கட்டும்."

வெயில் ஏறிவிட்டது. அவன் தடுமாறித் தடுமாறித்தான் பேசினான். எந்தத் தொட்டி, எந்தக் குழாய், யார் உத்தரவு எல்லாம் சொன்னான். ஒரு இடத்தில் வார்த்தை கிடைக்காமல், "எங்கம்மா அந்தத் தண்ணியிலதான் என் யூனிபார்மைத் துவைச்சாங்க" என்றான். பாலத்தில் திட்டிக்கொண்டிருந்தவர்கள் நிறுத்திவிட்டார்கள்.

முடிந்ததும் வழக்கம்போல அவள் கையைத் தூக்கினாள். "எல்லாரும் சும்மா இருங்க."

பாலத்தில் அத்தனை பேரும் சும்மா இருந்தோம். நான் தைத்த குல்லாவோடு மைக் கால்வாய் வாய்க்குள் நீண்டது. ஒன்றும் கேட்கவில்லை. எனக்கு மூக்கு அரித்தது, சொறியவில்லை. சின்னவன் மட்டும் ஆலைச் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தான். தொட்டி நிரம்பியிருக்கும், இன்றைக்கு ஓட்டாமல் அவர்களால் இருக்க முடியாது என்று அவனுக்குத் தெரியும். சாவி கையில் இருந்தால் போதும், போட ஆள் கிடைப்பான்.

'டக்.'

ம்ம்ம் என்று அது ஆரம்பித்தது. கால்வாய் வாய்க்குள்ளிருந்து எதிரொலித்து வந்தது. இத்தனை நாளாக லீவு நாட்களில் ஜெனரேட்டர் என்று நினைத்து நாங்கள் பகல் தூக்கம் தூங்கின அதே சத்தம். தண்ணீரில் லேசாக ஒரு சுழிப்பு, அவ்வளவுதான். அதே கண்ணாடிச் சுத்தம். அவள் கையைக் கீழே இறக்கவே இல்லை.

*

செய்தி ஆசிரியர் மல்லுக்கு நின்றாராம். "சத்தத்தைப் போட்டு என்ன பண்ண? டிவியில பார்க்க என்ன இருக்கு?" என்றாராம். "பார்க்க ஒண்ணுமில்லைங்கறதுதான் சார் செய்தி" என்றாளாம். அவள் கேட்டது இரண்டு. தன் தப்பைத் தன் வாயால் சொல்ல வேண்டும், ஒரு இடத்திலும் சத்தத்தைத் துடைக்கக் கூடாது. இல்லையென்றால் 'காணவில்லை' வாசிக்கவே திரும்பப் போய்விடுகிறேன் என்றாளாம். அவர் கொஞ்ச நேரம் பேனாவை உருட்டிவிட்டுத் தலையாட்டினாராம்.

மாலைச் செய்திக்கு மாமியார் வீட்டுக் கூடம் நிறைந்துவிட்டது. கோடி வீட்டுக்காரி வந்தாள். பாலத்திலிருந்து கத்தினவன்கூட வந்து வாசல்படியில் பாதி உள்ளே பாதி வெளியே நின்றான். அண்ணன்காரன் கூடை நிறைய பன் கொண்டுவந்து வைத்திருந்தான், யாரும் தொடவில்லை. சின்னவன் தரையில் சுவரோரம் உட்கார்ந்திருந்தான். ஆலையிலிருந்து மதியமே ஆள் வந்து, இனி வேலைக்கு வர வேண்டாம் என்று சொல்லிவிட்டுப் போயிருந்தான். அண்ணன் அவனை விடியலில் அடுப்புக்கு வரச் சொல்லியிருந்தான்.

அவள் திரையில் வந்தாள். முதலில் மேலாளரின் பேட்டியை முன்பு வந்த மாதிரியே காட்டினாள். "ஒரு சொட்டு வெளிய போகாது." மணி மாதிரிக் குரல். பிறகு, "இதில் ஒரு சத்தத்தை நான் நீக்கிவிட்டேன். அது என் தவறு. நீக்காமல் இப்போது கேளுங்கள்" என்றாள். அதே மேலாளர், அதே சிரிப்பு. குரலுக்கு அடியில் ம்ம்ம் என்று கூடமே அதிர்ந்தது.

கோடி வீட்டுக்காரியின் புருஷனுக்குக் காது கொஞ்சம் மந்தம். திரையில் மருமகள் சொன்னது விழவில்லை போலிருக்கிறது. "டிவியில ஏதோ உறுமுதே, வயர் லூசா?" என்று எழுந்து போய் டிவி முதுகில் தட்டக் கையை ஓங்கினார்.

"தட்டாதீங்க மாமா" என்றான் சின்னவன். உட்கார்ந்த இடத்திலிருந்தே, எல்லாருக்கும் கேட்கிற மாதிரிச் சொன்னான். "டிவி நல்லாத்தான் இருக்கு. அது நான் ஓட்டின மோட்டார்."

ஓங்கின கையோடு அவர் அப்படியே நின்றார். மாமியார் புடவைக்குள்ளிருந்து கையை எடுத்து, ரிமோட்டை வாங்கிச் சத்தத்தை இன்னும் கூட்டினாள்.